ஓய்வூதியத்தைப் பறிக்கும் அதிகாரம்

பவர் டேபிளின் முன்னும் கட்டிங் மேஜையின் அருகிலும் வாழ்நாளின் நல்ல பகுதியைச் செலவிட்ட திருப்பூர்ப் பனியன் தொழிலாளிக்கு, வைப்புநிதி ஒழுங்காகப் பிடித்துக் கட்டப்பட்டிருந்தால், முதுமையில் ஒரு சிறு ஓய்வூதியம் உண்டு. அதன் குறைந்தபட்ச அளவு 2014 முதல் மாதம் 1,000 ரூபாய். அத்தகைய ஊரில், லஞ்சம் வாங்கிய உத்தியோகஸ்தர் ஒருவர் பிடிபட்டார் என்ற செய்தி வந்த மாத்திரத்தில், "முதலில் அவன் பென்ஷனைப் பிடுங்க வேண்டும்" என்ற குரல் எழுவதில் வியப்பில்லை. அக்குரலில் நியாயம் இருக்கிறது. ஆனால் அந்த அதிகாரம் இன்று யாரைத் தீண்டுகிறது, யாரைத் தீண்டாமல் விடுகிறது என்பதைச் சற்று நிதானமாக ஆராய வேண்டும்.

தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள் 1978-இல் ஏற்பட்டவை. அவற்றின் 8-ஆம் விதி, ஓய்வுக்குப் பிந்திய நன்னடத்தையை ஓய்வூதியத்தின் நிபந்தனையாக்குகிறது; கொடுங்குற்றத்துக்காகத் தண்டிக்கப்பட்டவரிடமிருந்து அதைத் திரும்பப் பெற இடமளிக்கிறது. 9-ஆம் விதியோ, பணிக்காலத்தில் இழைத்த கடும் ஒழுங்கீனமோ அசட்டையோ விசாரணையில் நிரூபணமானால், ஓய்வூதியத்தை முழுவதுமாகவோ பகுதியாகவோ, நிரந்தரமாகவோ குறித்த காலத்துக்கோ நிறுத்தி வைக்கவும், அரசுக்கு நேர்ந்த நஷ்டத்தை அதிலிருந்து வசூலிக்கவும் அதிகாரம் தருகிறது. இது இல்லாவிட்டால், ஓய்வு பெறும் தேதி வரை உண்மையை ஒளித்து வைக்கத் தெரிந்தவன் எல்லாம் தப்பித்துவிடுவான். பொதுமக்களின் வரிப்பணத்தில் வழங்கப்படும் ஓர் ஆயுட்கால ஊதியம், அப்பொதுமக்களையே வஞ்சித்தவருக்குத் தடையின்றிச் சென்றுகொண்டிருப்பது எந்தத் தர்மத்துக்கும் பொருந்தாது.

எனினும், ஓய்வூதியம் அரசு மனமிரங்கி அளிக்கும் தானம் அன்று, உழைத்துச் சம்பாதித்த உரிமை என்று உச்ச நீதிமன்றம் 1971-இல் தேவகிநந்தன் பிரசாத் வழக்கிலும், 1982 டிசம்பரில் நகாரா வழக்கிலும் உறுதிபடக் கூறிவிட்டது. உரிமையைப் பறிப்பதற்கு வெறும் கோபம் போதாது. 1990-இல் தீர்ப்பான கபூர் வழக்கை இங்கே நினைவுகூர்வது தகும். லண்டன் இந்தியத் தூதரகத்தில் பணியாற்றிய ஓர் எளிய ஊழியர், மனைவியின் நோய் காரணமாகத் திரும்பி வந்து பணியில் சேரத் தவறினார். அவர் வேண்டுமென்றே வராதிருக்கவில்லை என்று விசாரணை அதிகாரியே கண்டிருந்தும், அவருடைய ஓய்வூதியமும் பணிக்கொடையும் நிரந்தரமாக நிறுத்தப்பட்டன. கடும் ஒழுங்கீனம் என்ற முடிவு இல்லாமல் இந்த அதிகாரத்தைப் பிரயோகிக்க முடியாது என்று கூறி, உச்ச நீதிமன்றம் அவ்வுத்தரவை ரத்து செய்தது. இப்படி நீதிமன்றம் வரை செல்லப் பொருளும் பொறுமையும் உள்ள குமாஸ்தாக்கள் எத்தனை பேர்?

இதைவிடக் கொடியது தாமதம். ஆண்டுக்கணக்கில் உறங்கிய கோப்பு, ஊழியர் விடைபெறும் நாளன்று விழித்தெழுந்து, மாலை மரியாதைகளுக்கிடையே பணியிடை நீக்க உத்தரவாக வந்து சேருவது நம் நாட்டில் வெகுகாலம் நடந்தது. அந்த வழக்கத்தைக் கைவிடுவதாக 2021-இல் தமிழக முதலமைச்சர் சட்டமன்றத்தில் அறிவிக்க நேர்ந்தது என்பதே அது எவ்வளவு பரவியிருந்தது என்பதற்குச் சாட்சி. விசாரணை முடியும்வரை தற்காலிக ஓய்வூதியம் வரும், பணிக்கொடை வராது. அந்தப் பணத்தை நம்பி மகள் கல்யாணத்தை நிச்சயித்த குடும்பம் யாதொரு குற்றமும் செய்யாமலே தண்டனை அனுபவிக்கிறது. ஆகையால் பறிப்பதிலும் ஓர் அளவு வேண்டும். மனைவியின் மருந்துக்கும் சோற்றுக்கும் வேண்டியதை விட்டுவைத்தே எஞ்சியதைப் பிடிக்க வேண்டும்.

சிறியவர்களை இவ்வளவு எளிதாகப் பிடிக்கும் இவ்விதி, பெரிய தவறுகளின் முன் கைகட்டி நிற்பதற்குத் திருப்பூர் வழியே ஓடும் நொய்யல் ஆறே உதாரணம். பணிக்காலத்திலேயே குற்றச்சாட்டு வழங்கப்படாவிட்டால், ஓய்வுக்குப் பின் தொடங்கும் துறை விசாரணை நான்கு ஆண்டுகளுக்கு முந்திய நிகழ்ச்சியைத் தொடலாகாது என்பது சட்டம். முதியவரைப் பழங்கதைகளால் வாட்டக்கூடாது என்ற நல்லெண்ணத்தில் எழுந்த வரம்பு அது. நான் அதை இகழவில்லை. ஆனால் சாயக்கழிவு நாலு வருஷத்தில் கணக்குக் காட்டுவதில்லை. பாசனத்துக்கென நொய்யலின் குறுக்கே 1992-இல் கட்டிமுடித்த ஒரத்துப்பாளையம் அணை சாயநீர்த் தேக்கமாகியது, கிணறுகள் உப்பேறின, ஆயக்கட்டு விவசாயிகள் ஆண்டுக்கணக்கில் வழக்காடினார்கள், சாயப்பட்டறைகளை மூடும்படி சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது 2011 ஜனவரியில்தான். இந்த நெடுங்காலத்தில் ஆலைகளைக் கண்காணிக்க வேண்டிய பொறுப்பில் இருந்தவர்களுள் எவரேனும் கடமையில் தவறியிருந்தால், நதி பாழானது வெளிப்படும் வேளையில் அவர் ஓய்வு பெற்று நான்கு ஆண்டு கடந்திருப்பார். அவருடைய ஓய்வூதியம் மாதந்தோறும் குறையின்றி வந்துகொண்டிருக்கும். அளவுகோல் இப்படி இருக்கும்வரை, சில நூறு ரூபாய் கையூட்டில் பிடிபட்ட கீழ்நிலை ஊழியர் முதுமையை இழப்பார். ஓர் ஆற்றுப் பாசனத்தையே அழியவிட்ட அசட்டை தண்டனைக்கு எட்டாது.

சுற்றுச்சூழலுக்கும் பொது ஆரோக்கியத்துக்கும் கேடு விளைவித்த அசட்டையைப் பொறுத்தமட்டிலாவது, அந்த நான்கு ஆண்டுகளைக் கேடு நிகழ்ந்த நாளிலிருந்து எண்ணாமல், அது வெளிப்பட்ட நாளிலிருந்து எண்ணுமாறு அரசு விதியைத் திருத்த வேண்டும்.