பங்கேற்கும் நேயரும் குருக்கள்மடத்து மௌனமும்

எமது வானொலி நினைவுகளை எழுதுவோர் பெரும்பாலும் குரல்களைத்தான் எழுதுகிறார்கள். எஸ்.பி. மயில்வாகனம், கே.எஸ். ராஜா, பி.எச். அப்துல் ஹமீத் என்று அந்தப் பட்டியல் நீளும். அறிவிப்பாளரைப் பற்றி இவ்வளவு எழுதிய நாம், கேட்டுக்கொண்டிருந்தவர் எப்போது பேசத் தொடங்கினார் என்பதைப் பற்றி மிகக் குறைவாகவே எழுதியிருக்கிறோம். அக்காலத்தில் நேயர் என்றால் தபாலட்டையில் பாட்டுக் கேட்பவர். காத்தான்குடிப் பெயரொன்றும் களுவாஞ்சிக்குடிப் பெயரொன்றும் ஒரே பாட்டுக்கு முன்னால் அடுத்தடுத்து வாசிக்கப்படும். அத்தோடு அவருடைய பங்கு முடிந்தது.

1995இல் இந்த நிலை சற்று அசைந்தது. இலங்கை ஒலிபரப்புக் கூட்டுத்தாபனம் 'முறைசாராக் கல்வி' என்ற நேரடி நிகழ்ச்சியைத் தொடங்கியது. பெயரைக் கேட்டால் தூக்கம் வரும். ஆனால் கலையகத்தில் அறிஞர்கள் அமர்ந்து பேச, நேயர்கள் தொலைபேசியில் கேள்வி கேட்டார்கள். நேரடி ஒலிபரப்பில் கத்தரிக்கோலுக்கு வேலையில்லை. அரசின் ஒலிவாங்கியில் அரசு எழுதிக் கொடுக்காத கேள்விகள் ஒலித்த சில மாதங்கள் அவை. அதே ஆண்டு ஜூலையில் நிகழ்ச்சி திடீரென நிறுத்தப்பட்டது.

விமல் பெர்னாண்டோ என்ற நேயர் உயர் நீதிமன்றம் சென்றார். 1996 மே மாதம் நீதியரசர் மார்க் பெர்னாண்டோ வழங்கிய தீர்ப்பை இலக்கியக்காரர்களும் வாசிக்க வேண்டும். வெறுமனே கேட்டுக்கொண்டிருப்பவரையும் பங்கேற்கும் நேயரையும் அது வேறுபடுத்தியது. பின்னவருக்கு நிகழ்ச்சியில் பேச்சுச் சுதந்திரம் உண்டு, நிறுத்தியதால் அது மீறப்பட்டது என்றது. அடுத்த ஆண்டு ஒலிபரப்பு அதிகாரசபைச் சட்டமூலத்தையும் அதே நீதிமன்றம் அரசியலமைப்புக்கு முரணானது எனத் தீர்த்தது.

இவற்றை வைத்து அக்காலத்தைச் சுதந்திர வானொலியின் பொற்காலம் என்று எழுதுவோருடன் எனக்கு உடன்பாடில்லை. கொழும்பிலிருந்து பார்த்தால் அப்படித்தான் தெரியும்.

கல்முனையிலிருந்து மட்டக்களப்புக்குப் போகும் வீதியில், கடலுக்கும் வாவிக்கும் நடுவே, குருக்கள்மடம் இருக்கிறது. வாவியைக் கடந்தால் அம்பிளாந்துறை. 1990 ஜூலை 12இல் இவ்வீதியால் காத்தான்குடிக்குத் திரும்பிக்கொண்டிருந்த முஸ்லிம்கள், ஹஜ்ஜை நிறைவேற்றி வந்தவர்கள் உட்பட, விடுதலைப் புலிகளால் மறிக்கப்பட்டுக் கொல்லப்பட்டார்கள். ஜனாஸாக்கள் வீடு வரவில்லை. மூன்று வாரங்களில், ஓகஸ்ட் 3இல், காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்தவர்கள் சுடப்பட்டார்கள். எமது கவிதைக்குள் இரண்டாவது சம்பவம் வந்த அளவுக்கு முதலாவது வரவில்லை. பள்ளிவாசலில் மையித்து இருந்தது, கபுறு இருந்தது, சுவரில் துளைகள் இருந்தன. குருக்கள்மடத்தில் எழுதுவதற்குப் பிடிமானமாக ஒரு கபுறுகூட இல்லை.

தொலைபேசி நிகழ்ச்சிகளில் முதலில் கேட்கப்படுவது என்ன? 'யார் பேசுகிறீர்கள், எங்கிருந்து?' கொழும்பு நேயருக்கு அது மரியாதைக் கேள்வி. 1995இன் காத்தான்குடிப் பெண்ணுக்கு, தொலைபேசி கிடைத்திருந்தாலும், அதுதான் தணிக்கை. பெயரும் ஊரும் சொல்லி, என் மாப்பிள்ளையை எந்த இடத்தில் தாட்டார்கள் என்று கேட்டுவிட்டு, அடுத்த நாள் அதே வீதியால் அவள் போக வேண்டும். கண்டதைச் சொல்ல மனமிருந்த குருக்கள்மடத்துத் தமிழருக்கும் இதே நிலைதான். இதை நாம் சௌகரியமாக மறந்துவிடுகிறோம். எந்த அமைச்சும் உத்தரவிடாமலே இருவரும் மௌனமாக்கப்பட்டார்கள். அந்த இருவரும் ஒரே நிகழ்ச்சியில் பேசாத வானொலியைத் தணிக்கையற்றது என்று எப்படிச் சொல்வது?

'புலிகளின் குரல்' அரசின் தணிக்கைக்கு வெளியே நின்றது. தன் தரப்பின் கொலைகளுக்கு அதனிடம் சொல்லில்லை. 1998இல் வந்த சக்தியும் சூரியனும் நேயரைப் பேச வைத்தன, பெரும்பாலும் பாட்டுக் கேட்கவும் வாழ்த்துச் சொல்லவும். தபாலட்டைக்குப் பதில் தொலைபேசி, அவ்வளவே. 2002 ஏப்ரலில் கிளிநொச்சி ஊடக மாநாட்டில் அன்ரன் பாலசிங்கம் தெரிவித்த வருத்தமும் வடபுல முஸ்லிம்களின் வெளியேற்றத்துக்கானது.

எம்மையும் விட்டுவிட முடியாது. முஸ்லிம் சேவைக்கு நாடகமும் உரைச்சித்திரமும் எழுதினோம் என்று பெருமைப்படுகிறோம். நோன்பு கால நிகழ்ச்சிகளை ஊரே கூடியிருந்து கேட்டது. அந்த எழுத்துகளில் 1990 எங்கே இருக்கிறது? அனுமதிக்கமாட்டார்கள் என்று நாமே முடிவு செய்து எழுதாமல் விட்டவை எத்தனை? மட்டக்களப்பு வாவியின் பாடும் மீனை 1954இல் ஒரு பாதிரியார் பதிவு செய்தார். 1960களில் இலங்கை வானொலி அதை ஒலிபரப்பியது. தண்ணீருக்குள்ளே காது வைத்த வானொலிதான் இது.

2014இல் குருக்கள்மடத்துப் புதைகுழி விவகாரம் களுவாஞ்சிக்குடி நீதவான் நீதிமன்றத்துக்கு வந்தது. தோண்டும் பணி அப்போது தள்ளிப்போடப்பட்டது. முறைப்பாட்டிலும் முதலில் எழுத வேண்டியது பெயரும் ஊரும்தான். 24 வருடங்களின் பின் அந்த இரண்டையும் எழுதிக் கையொப்பமிட ஆள் வந்தது.