மார்த்தாண்ட வர்மாவும் தம்பிமாரும்: யார் பக்கம் நிற்பது?

சி.வி. ராமன் பிள்ளையின் ‘மார்த்தாண்ட வர்மா’வை இரண்டாவது தடவையாக வாசித்து முடித்தேன். 1891-ல் வந்தது, மலையாளத்தின் முதல் சரித்திர நாவல். கதை நடக்கும் பஞ்சவன்காடு, பத்மநாபபுரம் எல்லாம் இன்றைய குமரி மாவட்டத்தில்தான். கூடங்குளத்தில் காலையில் பஸ் ஏறினால் மதியச் சாப்பாட்டுக்கு முன் பத்மநாபபுரம் போய்விடலாம்.

விஷயம் இதுதான். ராஜா ராமவர்மா படுத்த படுக்கை. மருமக்கத்தாயப்படி பட்டம் மருமகன் மார்த்தாண்ட வர்மாவுக்கு. ராஜாவின் மகன் பப்புத் தம்பி அது தனக்கு வேண்டும் என்கிறான். எட்டு வீட்டில் பிள்ளைமார் தம்பி பக்கம். இளவரசர் வீடு வீடாக ஒளிந்து திரிகிறார். மாறுவேஷம், துரத்தல், செத்தவன் திரும்பி வருவது என்று வால்டர் ஸ்காட் பாணியில் கதை ஓடுகிறது. முதல் வாசிப்பில் இந்த ஓட்டம்தான் பிடித்தது.

இந்தத் தடவை மனசில் நின்றது சுபத்ரா. சதிகாரர்களில் ஒருவரான குடமண் பிள்ளை அவளுடைய குடும்பத்துப் பெரியவர். அவள் உதவுவதோ இளவரசருக்கு. கடைசியில் அந்தப் பெரியவர் வாளாலேயே சாகிறாள். காப்பாற்ற வந்த மார்த்தாண்ட வர்மா பிந்திவிடுகிறார். இரண்டு பக்கமும் சொந்தம் உள்ளவள் கொடுத்த விலை அது. நாவலின் உண்மையான வீரம் அவளிடம்தான் இருக்கிறது.

ஆனால் தம்பிமாருக்கு சி.வி. அந்த நியாயத்தைத் தரவில்லை. பப்புத் தம்பி வெறும் பெண்பித்தன், பேராசைக்காரன். அப்பா சொத்து மகனுக்கு என்று ஆரல்வாய்மொழிக்கு இந்தப் பக்கம் யாராவது கேட்டால் அதில் என்ன தப்பு என்போம். அந்தக் கேள்வியையே நாவல் எழுப்பவில்லை.

எழுப்பியது நம்ம வில்லுப்பாட்டு. ‘தம்பிமார் கதை’யில் தம்பிகள்தான் வீரர்கள், ராஜா வஞ்சகர். அவர்கள் தங்கச்சியை ராஜா பெண் கேட்டதில்தான் பகை முற்றுகிறது. தம்பிகள் கொல்லப்பட, தங்கையும் உயிரை விடுகிறாள். அது அப்படியே சரித்திரம் என்று நான் சொல்லவில்லை. 1729-ல் பட்டமேறியவர் ஜெயித்தார், 1758 வரை ஆண்டார். ஜெயித்தவருக்கு நாவல் கிடைத்தது, தோற்றவர்களுக்குப் பாட்டு கிடைத்தது.

இன்னொரு நெருடல். கதையில் இளவரசரைத் திரும்பத் திரும்பக் காப்பாற்றுகிறவன் ‘பிராந்தன் சாணான்’. கடைசியில் வேஷம் கலைந்தால் அவன் பிரபு வீட்டுப் பிள்ளை அனந்தபத்மநாபன்! பனையேறியாகவே அவன் இருந்திருந்தால் அந்த விசுவாசத்துக்கு என்ன குறைச்சல் வந்திருக்கும்? பனங்காட்டு ஊரில் இருந்து வாசிக்கிறவனுக்கு இந்த இடம் கொஞ்சம் குத்தத்தான் செய்யும்.

இதையெல்லாம் சொன்னாலும் நாவலை விட்டுவிடாதீர்கள். தமிழிலும் மொழிபெயர்ப்பு உண்டு. சுபத்ராவுக்காகவே வாசிக்கலாம். வாசித்த கையோடு, எங்காவது கோயில் கொடையில் தம்பிமார் கதை பாடினால் விடிய விடிய உட்கார்ந்து கேட்டுவிடுங்கள். ஒன்றை மட்டும் கேட்டுவிட்டுத் தீர்ப்புச் சொல்லக்கூடாது.