மொட்டைமாடித் தொட்டியும் மின்சாரமும்

மின்சாரத்தைப் பற்றி எளிமையாக எழுத உட்காரும் எவரும் முதலில் மொட்டைமாடிக்குத்தான் ஏறுகிறார்கள். தொட்டியின் உயரம் வோல்டேஜ், குழாயில் ஓடும் தண்ணீர் கரண்ட், குழாயின் ஒடுக்கம் தடை. நானும் அப்படி எழுதியவன்தான். தமிழில் இதைத் தவிர்ப்பதும் கடினம்: மின்னழுத்தத்துக்குள் அழுத்தமும் மின்னோட்டத்துக்குள் ஓட்டமும் ஏற்கெனவே உட்கார்ந்திருக்கின்றன.

உவமையில் சரக்கு இல்லாமல் இல்லை. 10 மீட்டர் உயரத்தில் தொட்டி இருந்தால் கீழே ஏறக்குறைய ஒரு கிலோ பிரஷர் என்பார் பிளம்பர். குளித்துக்கொண்டிருக்கும்போது யாராவது சமையலறைக் குழாயைத் திறந்தால் ஷவர் மெலிகிறது. மோட்டார் போட்டதும் விளக்கு ஒரு கணம் மங்குவதை இதைவிடத் தெளிவாக விளக்க எனக்குத் தெரியாது. ஏ.சி.க்கு ஏன் தடித்த ஒயர் என்று கேட்பவருக்கும் இதுவே போதும்.

ஆனால் தொட்டித் தண்ணீர் வாளியில் விழுந்து சாக்கடைக்குப் போய்விடுகிறது, திரும்பி ஏறுவதில்லை. சங்கடம் அங்கேதான் தொடங்குகிறது. பல்பு கரண்டைத் தின்றுவிடுகிறது என்றும், நியூட்ரல் என்பது மிச்சத்தை வெளியேற்றும் கழிவுக்குழாய் என்றும் வாசகர் முடிவுகட்டுகிறார். இது வெறும் ஏட்டுப் பிழை அல்ல.

எங்கள் வீட்டில் ஒருநாள் டேபிள் ஃபேன் ஓடவில்லை. டெஸ்டரை வைத்தால் பிளக்கின் இரண்டு ஓட்டையிலும் எரிகிறது. "ரெண்டு பக்கமும் கரண்ட் வருதே, அப்புறம் ஏன் ஓடலை?" என்றார் பக்கத்து வீட்டுக்காரர். வந்த எலக்ட்ரீஷியன் ஒரே வார்த்தையில் முடித்தார்: "நியூட்ரல் கட்டு சார்." திரும்பும் வழி அறுந்திருந்தது. சுவிட்ச் போட்டபடியே இருந்த ஒரு பல்பின் வழியாக ஃபேஸ், அறுந்த நியூட்ரல் ஒயருக்குள் இறங்கி, தொட்டால் அடிக்கக் காத்திருந்தது. தொட்டியை மட்டும் படித்தவருக்கு இது மாயாஜாலம். ஆர்சிசிபியும் அவருக்குப் புரியாது. போன கரண்ட் முழுதாகத் திரும்பியதா என்று கணக்குப் பார்ப்பதுதான் அதன் வேலை; வழக்கமான வீட்டு ஆர்சிசிபி, 30 மில்லிஆம்பியர் வழிதவறினாலே இணைப்பைத் துண்டித்துவிடும்.

எனக்குப் பிடித்த உவமை சைக்கிள் செயின். பெடலை மிதித்ததும் பின்சக்கரம் உடனே சுழல்கிறது, செயின் கண்ணிகள் மெதுவாகவே நகர்ந்தாலும். ஒன்றரை எம்எம் செம்பு ஒயரில் 1 ஆம்பியர் நேர்மின்னோட்டம் போகும்போது எலக்ட்ரான்கள் சராசரியாக ஒரு மீட்டர் கடக்க ஐந்து மணி நேரத்துக்கு மேலாகும். பல்போ உடனே எரிகிறது. செயின் செலவாவதில்லை, அதன் வழியே உழைப்புதான் கைமாறுகிறது. எங்கே அறுந்தாலும் எல்லாம் நிற்கிறது.

செயினுக்கும் குறை உண்டு. அது கிளை பிரியாது. நான்கு அறைக்குக் கரண்ட் எப்படிப் பங்காகிறது என்று கேட்டால், முனகிக்கொண்டே மறுபடி மாடியேற வேண்டும். 1983-இல் ஜென்ட்னர் இணையர் வெளியிட்ட ஆய்வு ஒன்று உண்டு. மின்சாரத்தைத் தண்ணீராக நினைத்த மாணவர்களுக்கு பேட்டரிக் கணக்குகள் எளிதாக வந்தன. வாசலில் நெரியும் கூட்டமாக நினைத்தவர்களுக்கு ரெசிஸ்டர் கணக்குகள். ஒரே உவமையைக் கடைசிவரை இழுத்துக்கொண்டு போகும் கட்டுரைகளை நான் நம்பாததற்கு அதுவும் ஒரு காரணம்.

தொட்டியைத் தூக்கி எறியச் சொல்லவில்லை. வரைபவர்கள் கீழிருந்து மேலே ஒரு பம்பையும் திரும்பும் குழாயையும் சேர்த்து வரையட்டும். வாசகருக்கும் ஒரு வார்த்தை: டெஸ்டர் இரண்டு ஓட்டையிலும் எரிந்தால் கையை வைக்காதீர்கள், மெயினை அணைத்துவிட்டு எலக்ட்ரீஷியனைக் கூப்பிடுங்கள்.