தோவே டிட்லெவ்சன்: கூற்றும் வாழ்வும்

இக்கால டேனியப் புனைகதையில் தோவே டிட்லெவ்சன் (1917–1976) பெற்றுள்ள இடம் விந்தையானது. அவர் வாழ்ந்த காலத்தே பொதுமக்கள் அவர் நூல்களை விரும்பிப் படித்தனர். இலக்கிய மன்றத்தாருட் பலர் அவரைப் பொருட்படுத்திலர். 2019இல் அவர்தம் தன்வரலாற்று நூல்கள் மூன்றும் ஆங்கிலத்தில் ஒருசேர வெளிவந்தபின் பிற நாட்டாரும் அவரை நாடிக் கற்கின்றனர். எனினும் பழிப்போரும் புகழ்வோரும் ஒரு கருத்தில் உடன்படுகின்றனர். அவர் தம் வாழ்வை உள்ளவாறே எழுதிவைத்தார் என்பதே அது. அக்கருத்துப் பொருந்துமா என்பதே ஈண்டு ஆராயத்தக்கது.

வாழ்க்கைச் செய்திகள் சிலவே போதும். கோபன்ஹேகன் நகரில் உழைப்பாளர் மிக்க வெஸ்டர்புரோப் பகுதியிற் பிறந்தார். தந்தையார் கொதிகலனுக்குக் கரியிடும் தொழிலாளி. வேலையின்றி வாடிய நாளும் உண்டு. பெண் கவிஞராதல் இயலாது என்று அவர் மகளிடம் கூறியதைக் 'குழந்தைமை' (1967) குறிக்கிறது. நான்கு மணங்களும் முறிந்தன. 1976இல் தாமே உயிர் துறந்தார். இவை பெரும்பாலும் நூல்களிலும் இடம்பெறுதலால், திறனாய்வாளர் நூலை விடுத்து வாழ்வைத் துருவத் தொடங்குகின்றனர்.

இதற்கு மறுப்பு அவர்தம் தொடக்ககாலப் படைப்பிலேயே உளது. 1937இல் 'வில் வேத' என்னும் இதழில் வெளிவந்த அவர் பாடல், இறந்த குழந்தையை நோக்கித் தாய் பேசுவது. அதனைப் பாடியபோது அவர் மணமாகாத இளம்பெண், குழந்தை பெற்றாரல்லர். நம் அகப்பாடல்களைப் பயின்றார்க்குக் கூற்று வேறு, புலவர் வேறு என்பது புதிதன்று. உரைநடைக்கு வருங்கால் மட்டும் அதனை மறந்துவிடுகிறோம்.

தன்வரலாற்றின் மூன்றாம் நூல் 'கிஃப்ட்' (1971). டேனிய மொழியில் இச்சொல் 'மணம் புரிந்த' எனவும் 'நஞ்சு' எனவும் இருபொருள் படும். இரட்டுறமொழிதல் என நாம் வழங்குவது இதுவே. 'சார்ந்திருத்தல்' எனப் பொருள்படும் ஆங்கிலத் தலைப்பு இந்நயத்தை இழந்துவிட்டது. இழப்புச் சிறிதன்று, நூலின் கட்டுக்கோப்பே அச்சொல்லில் அடங்கியுள்ளது. கருவைக் கலைக்குங்கால் கார்ல் என்பான் வலி தணிக்கும் பெத்திடின் மருந்தை ஊசிவழிச் செலுத்துகிறான். அந்த இன்பத்தை மீண்டும் பெறும் வேட்கையே அவனை மணக்கத் தூண்டுகிறது. கணவனே மருந்தளிப்பானும் ஆதலின் மணமும் நஞ்சும் ஓருருவாகின்றன. மருந்து வேண்டிக் காதுவலி என்று பொய்யுரைக்கிறாள், தேவையற்ற அறுவை நிகழ்கிறது, அச்செவி கேளாதாகிறது. இத்துணைக் கொடிய செய்தியைச் சொல்லும் நடையோ எளியது, குளிர்ந்தது. கழிவிரக்கம் இல்லை, தற்காப்பு வாதமும் இல்லை. பெரும்பாலும் நிகழ்காலத்திற் சொல்லுதலால், பிற்காலத்து அறிவு முன்னே புகுந்து நம்மைத் தேற்றுவதில்லை. பொய்யுரைக்கும் பெண்ணும் அப்பொய்யை மெய்யாக எழுதும் ஆசிரியையும் ஒருவரே. ஆனால் அவர்களுக்கிடையே உள்ள தொலைவை அமைத்தது கலை. வாக்குமூலம் தருவோர்க்கு அத்தொலைவு வாய்ப்பதரிது.

தம் வாழ்வொடு தொடர்பில்லாதார் கதையிலும் இந்நடையே காணப்படுகிறது. 'குடை' (1952) என்னும் சிறுகதையில் ஹெல்கா என்பாள் குடை ஒன்றினை விரும்பி வாங்குகிறாள். கணவன் அதனை முறித்துவிடுகிறான். நிகழ்ச்சி இவ்வளவே. ஏழைமையைப் பற்றி ஒரு சொல்லும் மிகையாக இல்லை. என் மதிப்பீட்டில் அவருடைய நாவல்கள் சிலவற்றினும் இச்சிறுகதை திட்பம் வாய்ந்தது.

நாவல்களுள் 'முகங்கள்' (1968), 'வில்ஹெல்மின் அறை' (1975) ஆகிய இரண்டன் தலைவிக்கும் லீசெ முண்டுஸ் என்பதே பெயர். முண்டுஸ் என்பது ஆசிரியர்தம் தாயின் பிறந்தவீட்டுப் பெயர். தம்மைக் குறிக்க விரும்பினாரெனின் தம் பெயரையே இடத் தடையில்லை. தன்வரலாற்றில் இட்டும் உள்ளார். தாயின் பெயரைத் தேர்ந்தமை, தாமாகியும் தாமல்லாதும் நிற்கும் ஒருத்தியைப் படைக்கவே எனக் கொள்ளலாம். 'முகங்க'ளில் லீசெ குழந்தைகட்கு நூலெழுதுபவள். மனநோய் மருத்துவமனையில் அவள் கேட்கும் குரல்கள் குழாய்வழி வருகின்றன. அவை உண்மையா, மயக்கமா என ஆசிரியர் தீர்ப்புக் கூறாது விடுகிறார். கூறியிருப்பின் நாவல் நோய்க்குறிப்பாக இழிந்திருக்கும்.

'வில்ஹெல்மின் அறை' அத்துணைச் செறிவுடையதன்று. இடையிடையே கட்டு நெகிழ்கிறது. ஆயினும் ஆசிரியர் இறப்பதற்கு முந்திய ஆண்டில் வெளிவந்தமையால் அதனை இறுதி மடலெனப் படிப்போர் பலர். அந்நாவலில் லீசெ இறந்துபடுகிறாள். 'நான்' எனப் பேசும் குரலோ அவள் கதையைச் சொல்ல எஞ்சி நிற்கிறது. மடலெனக் கொள்வார் அக்குரல் யாருடையது என்பதற்கு விடை கூறல் வேண்டும்.