மௌனத்தின் சமூக அடித்தளம்: மாபியா பற்றிய ஒரு நாவல் குறித்து

கொர்லியோனே என்னும் பெயரை வாசகர் பலர் மரியோ பூசோவின் ‘கோட்பாதர்’ (1969) நாவல் வாயிலாகவே அறிவர். அங்கு மானமும் விசுவாசமும் பழிவாங்கலும் ஒரு குடும்பத்தின் குருதியில் ஊறிய பண்புகளாகின்றன. ஆனால் கொர்லியோனே சிசிலித் தீவிலுள்ள ஓர் ஊர். நிலமற்ற விவசாயிகளுக்காகப் போராடிய அவ்வூர்த் தொழிற்சங்கச் செயலாளர் பிளாசிதோ ரிசொத்தோ 1948 மார்ச்சில் மாபியாவினராற் கொல்லப்பட்டார். மாபியா பற்றிய எப்படைப்பை மதிப்பிடும்போதும் இந்த ஊரை மனங்கொள்ளல் வேண்டும்.

சிசிலிய எழுத்தாளர் லெயொனார்தோ ஷாஷாவின் ‘ஆந்தையின் பகல்’ (1961) இவ்வகையில் முக்கியமானது. கட்டட ஒப்பந்தகாரர் ஒருவர் அதிகாலையில் பஸ் ஏற முற்படுகையிற் சுடப்படுகிறார். பயணிகள் நழுவிவிடுகின்றனர், அருகே பலகாரம் விற்றவன் வெடிச்சத்தமே கேளாதவன்போல் நடிக்கிறான். ‘ஒமெர்தா’ எனப்படும் இம்மௌனத்தைச் சிசிலியரின் பிறவிக்குணம் என்பாருளர். நாவல் அதனை மறுக்கிறது. தப்பியோடிய கொலைகாரனைக் கண்ட கவ்வாத்துத் தொழிலாளியும் கொல்லப்படுகிறான். ஈற்றிற் கனவான்களின் பொய்ச்சாட்சியால் வழக்கே சரிகிறது. சட்டம் எவரைக் காக்கவில்லையோ அவருக்கு மௌனமே காப்பு.

வட இத்தாலியிலிருந்து வந்த கப்டன் பெல்லோடி, பாசிச எதிர்ப்புப் போராளியாயிருந்தவன். முசோலினி காலத்து அடக்குமுறையை நிராகரிக்கும் அவன், வங்கிக் கணக்குகளையும் வரி ஏய்ப்பையும் ஆராய்தலே வழியெனக் காண்கிறான். மாபியாவைப் பண்பாட்டுப் புதிராகவன்றிச் சொத்துறவாக இனங்கண்டமையே ஷாஷாவின் யதார்த்தவாதத்தின் வெற்றி.

எனினும், நாவலில் மக்கள் மௌனிகளாகவோ பலியானோராகவோ மட்டுமே தோன்றுகின்றனர். வரலாறு வேறுவிதமானது. இரண்டாம் உலகப்போரின் பின்னர் சிசிலிய விவசாயிகள் தரிசு நிலங்களிற் புகுந்து பயிரிட்டனர். 1947 ஏப்ரலில் நடைபெற்ற பிராந்தியத் தேர்தலில் இடதுசாரிகளின் ‘மக்கள் அணி’யை முதலிடத்துக்குக் கொணர்ந்தனர். சில நாட்களில், மே தினத்தன்று, போர்தெல்லா தெல்லா ஜினெஸ்திராவிற் கூடியிருந்தோர்மீது ஜூலியானோவின் கொள்ளைக் கூட்டம் சுட்டதில் 11 பேர் மாண்டனர். பேசிய மக்களே துப்பாக்கியால் மௌனமாக்கப்பட்டனர். நாவல் அம்மௌனத்தைக் காண்கிறது. அதற்கு முந்திய குரலைக் கேட்கவில்லை.

அதனாலேயே பெல்லோடி தனியனாய்த் தோற்கிறான். அவன் கண்ட வழி சட்டமாகியது பின்னராகும். 1950இல் நிலப் போராட்டத்திற் சிறைசென்ற பியோ லா தொறே, கம்யூனிஸ்ட் பாராளுமன்ற உறுப்பினராகி, மாபியாச் சொத்துக்களைப் பறிமுதல் செய்யும் சட்டத்தை முன்மொழிந்தார். 1982 ஏப்ரலில் அவர் கொல்லப்பட்டார். செப்டெம்பரிற் சட்டம் நிறைவேறியது. நேர்மையான தனிமனிதன் காணமுடிந்த உண்மையை நடைமுறையாக்கியது மக்கள் இயக்கத்தில் உருவான ஒருவரின் பணியே. நாவலின் பெருமையையும் எல்லையையும் இவ்வுண்மை ஒருங்கே உணர்த்துகின்றது.