குப்பனின் கொள்ளுப்பேத்தி வாய்மை

அக்காவுக்குப் பெண் குழந்தை பிறந்து இன்றோடு 31 நாள். தீபகற்ப மலேசியாவில் பிறப்பைப் பதிய 60 நாள் தருகிறார்கள். பாதி போயாச்சு. பெயர் தயார், ஒப்புதல்தான் இன்னும் கிடைக்கவில்லை. அக்கா 'வாய்மை' என்கிறாள். அம்மாவோ, "வாய்மைன்னு வெச்சா ஸ்கூல்ல வாய், வாய்னு கூப்பிடுவாங்கடி, பாவம் புள்ள" என்கிறார். மச்சான் இரண்டு பேருக்கும் தலையாட்டுகிறார்.

கடைசியில் என்னிடம் வந்தார்கள். நான் பாயான் லெப்பாஸ் தொழிற்சாலை ஒன்றில் சிப் சோதிக்கிற பொறியாளன். எனக்கு வைத்திருப்பதே தொண்ணூறுகளின் சினிமா ஹீரோ ஒருவரின் பெயர். இருந்தாலும் 'கதை, கட்டுரை படிக்கிற பையன்' என்று வீட்டில் ஒரு மரியாதை உண்டு. அந்த மரியாதையைக் காப்பாற்ற ஜார்ஜ்டவுன் லிட்டில் இந்தியாவுக்குப் போய் ஒரு தமிழ்ப் பெயர்ப் புத்தகம் வாங்கி வந்தேன்.

இந்த மாதிரிப் புத்தகத்தை யாரும் விமர்சனமாகப் படிப்பதில்லை. படித்துப் பாருங்கள், நம்மைப் பற்றி நிறையச் சொல்கிறது. ஆண் பக்கத்தில் அறிவழகன், அறிவரசு, அன்பரசு, அருள், வெற்றி, துணிவு என்று போகிறது. பெண் பக்கம் திரும்பினால் பூங்குழலி, மலர்விழி, வெண்ணிலா, தேன்மொழி. அன்பும் அருளும் மட்டும் இரண்டு பக்கமும் நடமாடுகின்றன. ஆண் பிள்ளை எப்படி நடந்துகொள்ள வேண்டும் என்று பெயர் சொல்கிறது. பெண் பிள்ளை எப்படித் தெரிய வேண்டும் என்று சொல்கிறது. அக்கா 'வாய்மை'யில் பிடிவாதமாக நிற்பதன் காரணம் எனக்கு அங்கேதான் புரிந்தது.

இன்னொன்றும் கண்ணில் பட்டது. பொறுமை என்ற பெயர் எங்கேயும் இல்லை. இங்கிலாந்தின் பியூரிட்டன்கள் பெண் பிள்ளைகளுக்கு 'பேஷன்ஸ்' என்று சர்வசாதாரணமாக வைத்தார்கள். நம் முன்னாள் பிரதமர் இஸ்மாயில் சப்ரியின் பெயரில்கூட 'சப்ர்' என்ற அரபுப் பொறுமை இருக்கிறது. வள்ளுவர் பொறையுடைமைக்கு ஓர் அதிகாரமே கொடுத்திருக்கிறார். நாம் மட்டும் அந்தச் சொல்லைத் தொட்டிலில் போடுவதில்லை. தோட்டத்திலிருந்து வந்தவர்களுக்கு அதன் காரணம் தெரிந்திருக்கும். தலைமுறை தலைமுறையாகப் பொறுத்தவர்கள், அதைப் பிள்ளையின் தலையிலும் எழுத விரும்பியிருக்க மாட்டார்கள்.

எங்கள் வீட்டு வரலாறு அப்பாவின் ஐசியில் ஒரே வரியில் இருக்கிறது: அன்பழகன் ஏ/எல் குப்பன். ஏ/எல் என்றால் 'அனாக் லெலாக்கி', மகன். இந்த இரண்டு பெயர்களுக்கும் நடுவில் ஓர் இயக்கமே நடந்து முடிந்திருக்கிறது. 1929 டிசம்பரில் பெரியார் மலாயாவுக்கு வந்தபோது கப்பலிலிருந்து இறங்கியது இதே பினாங்கில்தான். பிறகு தமிழ்நாட்டில் ராமையா அன்பழகன் ஆனார், நாராயணசாமி நெடுஞ்செழியன் ஆனார். அந்தக் காற்று கடல் தாண்டி, சுங்கை பட்டாணி பக்கத்தில் ஒரு தோட்டத்து லயத்துக்கும் வந்தது. 1964இல் அப்பா பிறந்தபோது பெயர் வைத்தவர் தோட்டத்துப் பள்ளி வாத்தியார். "இனிமே குப்பன், சுப்பன் எல்லாம் வேணாம்யா" என்று தாத்தாவிடமே சொன்னாராம். தாத்தா தலையாட்டியிருக்கிறார். சொன்னவர் திட்டவில்லை, கேட்டவருக்கும் வலிக்கவில்லை என்றுதான் வீட்டில் கதை சொல்வார்கள்.

எனக்கு இப்போது கொஞ்சம் வலிக்கிறது. தாத்தாவுக்கு முன் பிறந்த இரண்டு குழந்தைகள் காய்ச்சலில் போய்விட்டன. மூன்றாவதும் போய்விடக்கூடாது என்று, பிறந்த பிள்ளையைக் குப்பையில் போட்டு எடுத்து, 'குப்பன்' என்று கூப்பிட்டிருக்கிறார்கள். பிச்சை, தவிடன் என்பதெல்லாம் இதே வழக்கத்தில் வந்த பெயர்கள்தான். 'இது ஒன்றுக்கும் ஆகாத பிள்ளை, நீ எடுத்துக்கொள்ளாதே' என்று எமனிடம் சொல்லும் பொய் அது.

2006இல் நம் தேசியப் பதிவுத் துறை, விரும்பத்தகாத பெயர்களைப் பற்றி ஒரு வழிகாட்டி தயாரித்ததாகச் செய்தி வந்தது. ஹிட்லர், 007 போன்றவற்றோடு கருப்புசாமியும் அதில் இருந்தது. 'கறுப்புக் கடவுள்' என்று அகராதி பார்த்து அர்த்தம் எடுத்திருக்கிறார்கள். ஊர் எல்லையில் அரிவாளோடு நின்று காவல் காக்கிற சாமி அந்த அகராதியில் இல்லை. கோபப்படலாம். ஆனால் வாத்தியார் செய்ததும் கிட்டத்தட்ட இதுதானே? சொல்லுக்கு அர்த்தம் பார்த்தார், அந்தச் சொல்லை யார் எதற்காகச் சொன்னார்கள் என்று பார்க்கவில்லை.

திருக்குறளின் 30ஆம் அதிகாரம் வாய்மை. அக்காவிடம் அடித்துப் பேசுவதற்காகத்தான் அதை எடுத்தேன். முதல் குறள், யாருக்கும் தீங்கு தராத சொல்லே வாய்மை என்கிறது. அடுத்த குறள் ஒரு படி மேலே போய், குற்றமில்லாத நன்மையைத் தருமானால் பொய்க்கும் வாய்மையின் இடம் உண்டு என்கிறது. படித்ததும் தாத்தா ஞாபகம் வந்தது. குப்பன் என்பது அப்படி ஒரு பொய். அந்தக் கணக்கில் எங்கள் குடும்பத்தில் வாய்மை என்று முதலில் பெயர் வாங்கியவர் அவர்தான். வாத்தியார் அதைக் கவனித்திருந்தால் அன்பழகன் என்றே வைத்திருப்பார், 'வேணாம்யா' என்று மட்டும் சொல்லியிருக்க மாட்டார்.

சரி, நல்ல சொல்லைப் பெயராகச் சுமக்கிற பிள்ளையின் கதி என்ன? 'அன்பே சிவம்' (2003) படத்தில் மாதவனின் பாத்திரத்துக்குப் பெயர் அன்பரசு. அவன் அதைச் சுருக்கி 'ஏ. அரஸ்' என்று திரிகிறான். கமலின் நல்லசிவம் விடாமல் முழுப் பெயரைச் சொல்லியே கூப்பிடுகிறார். பெயரை வெட்டியவன் அன்பையே வெட்டியவன் என்று படம் நம்புகிறது. அவன் மனம் மாறும்போது பெயரும் அவனுக்குப் பொருந்திவிடுகிறது. எனக்குப் பிடித்த படம்தான். ஆனால் இந்த இடத்தில் அது கொஞ்சம் அநியாயம் செய்கிறது. அன்பரசு என்பது அவனைப் பெற்றவர்கள் வைத்த ஆசை. அந்தக் கடனை அவன் ஏன் அடைக்க வேண்டும்? தொழிற்சாலையில் என் பெயரும் பேட்ஜில் அடங்காமல் பாதிதான் இருக்கிறது. அதனால் நான் பாதி மனிதனாகிவிடவில்லை.

இதில் குறளின் அதிகாரத் தலைப்புகள் நிதானமானவை. அன்புடைமை, அறிவுடைமை, பொறையுடைமை, பண்புடைமை. குணத்தை உடைமை என்கின்றன. உடைமை என்றால் சேர்க்கலாம், தொலைக்கலாம், திரும்பத் தேடிக்கொள்ளலாம். நீயே அன்பு என்று ஒரு கைக்குழந்தையிடம் சொல்வதைவிட இது நியாயமான பேச்சு.

நேற்று ராத்திரி அக்காவிடம் சொன்னேன். "வாய்மைன்னே வைக்கா. ஆனா அது பாப்பா நமக்குக் கொடுக்கிற சத்தியம் கிடையாது. நாம அவளுக்குக் கொடுக்கிறது. நாளைக்கு அவ ஒரு பொய் சொன்னா, 'பேரப் பாரு, புத்தியப் பாரு'ன்னு யாரும் பேசக்கூடாது. பெரியவளாகி பேரைச் சுருக்கினாலும் விட்டுடணும்." கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "அப்ப குப்பன் தாத்தா கதையையும் நீதான் அவளுக்குச் சொல்லணும்" என்றாள். சரி என்றேன்.

அம்மா இன்னும் ஒத்துக்கொள்ளவில்லை. "என்னவோ வைங்க, நான் பாப்பான்னுதான் கூப்பிடுவேன்" என்கிறார். இன்னும் 29 நாள் இருக்கிறது.