எழுதிக் கொடுப்பவரும் எழுதித் தருபவரும்

ஸ்ரீபெரும்புதூர் வட்டாரத்தில் கைமாறும் கிரையப் பத்திரம் ஒன்றை எடுத்துப் படித்தால் பாதிப் பக்கம் மந்திரம் ஓதுவது போலிருக்கும். சந்திர சூரியர் உள்ளவரை, புத்திர பௌத்திர பாரம்பரியமாய், சர்வ சுதந்திர பாத்தியத்துடன் ஆண்டு அனுபவித்துக்கொள்ள வேண்டியது என்று ஓடும். வாங்குபவர் ஒரகடத்தில் ஷிஃப்ட் பார்க்கும் இளைஞர். விற்பவர் மனைப்பிரிவு போட்ட வியாபாரி. இருவரும் இப்படிப் பேசுவதில்லை. ஆனாலும் இந்த வரிகள் இல்லாத பத்திரத்தை இருவருமே நம்ப மாட்டார்கள்.

சோழர் காலக் கல்வெட்டுகளிலும் தானம் சந்திராதித்தர் உள்ளவரை செல்லும் என்றே இருக்கும். அதைக் கெடுத்தவன் கங்கைக்கும் குமரிக்கும் இடையே செய்யப்பட்ட பாவமெல்லாம் கொள்வான் என்ற சாபமும் கடைசியில் வரும். அன்று எழுத்துக்குக் காவல் அந்தச் சாபம். இன்றைய பத்திரத்தில் சந்திரனும் சூரியனும் தங்கிவிட்டார்கள், சாபம் உதிர்ந்துவிட்டது. அந்த இடத்தில் இருப்பது ஓர் உறுதிமொழி: பின்னால் வில்லங்கம் ஏதும் தோன்றினால் எழுதிக் கொடுப்பவரே, அதாவது விற்பவரே, தன் சொந்தச் செலவில் தீர்த்துத் தருவார். சாபத்தைவிட இது வலுவானதா என்பது, அந்த எழுதிக் கொடுப்பவரைப் பத்து வருடம் கழித்துத் தேடிப் பிடிக்க முடியுமா என்பதைப் பொறுத்தது.

பத்திர எழுத்தரின் திறமை இந்த வரிகளில் இல்லை. எழுதுமுன் அவர் கேட்கும் கேள்விகளில் இருக்கிறது. "கூடப் பிறந்த பொண்ணுங்க எத்தனை பேரு, எப்ப கல்யாணம் ஆச்சு?" என்று ஒரு நல்ல எழுத்தர் கேட்பது வம்பளக்க அல்ல. 1989 மார்ச் 25க்கு முன் மணமாகாத மகள்களுக்குக் கூட்டுக் குடும்பச் சொத்தில் சமபங்கு தந்தது தமிழ்நாட்டுச் சட்டத் திருத்தம். அதற்கு ஏழே வருடம் கழித்து ஹூண்டாய் இருங்காட்டுக்கோட்டைக்கு வந்தது. பின்னாலேயே நோக்கியா, ரெனோ-நிசான் என்று வரிசை கட்ட, ஏர் ஓட்டிய நிலம் ஒரே தலைமுறையில் கிரவுண்டு கணக்கில் விற்கும் பொருளாயிற்று. அண்ணன் தம்பிகள் மட்டும் கையெழுத்துப் போட்ட பத்திரங்கள் அக்கா தங்கைகளின் வழக்காகத் திரும்பி வருவது இங்கே சாதாரணம்.

இன்னொரு கேள்வி இதைவிட முக்கியம்: நிலம் எந்த வகை? செங்கல்பட்டு ஆட்சியர் பொறுப்பிலிருந்த டிரமன்ஹீரின் 1891 அறிக்கையைத் தொடர்ந்து, ஒடுக்கப்பட்ட சாதியினருக்கு நிபந்தனையோடு நிலம் ஒதுக்க 1892இல் அரசு ஆணையிட்டது. ஸ்ரீபெரும்புதூர் அந்தப் பழைய மாவட்டத்தைச் சேர்ந்ததுதான். அப்படி ஒதுக்கிய பஞ்சமி நிலத்தைப் பிற சாதியினருக்கு விற்றால், எத்தனை சந்திர சூரியரைக் கூப்பிட்டாலும் கிரையம் நிற்காது. நிலத்தின் வகையைச் சொல்லும் வருவாய்த்துறையின் அ-பதிவேட்டைப் பார்க்கும் எழுத்தர் இதைப் பிடித்துவிடக்கூடும். பார்க்காதவர் அழகான தமிழில் செல்லாத பத்திரம் எழுதித் தருவார்.

சார்பதிவாளர் பார்ப்பாரே என்று பலர் நினைக்கிறார்கள். நம் நாட்டில் பதிவாவது ஆவணம்தான்; அதற்குப் பின்னாலுள்ள உரிமை செல்லும் என்று யாரும் சான்று தருவதில்லை. விற்பவருக்கு உரிமை உண்டா என்று ஆராய்வது பதிவு அலுவலரின் வேலையே அல்ல என்று உச்ச நீதிமன்றம் 2025 ஏப்ரலில், தமிழ்நாட்டுப் பதிவு விதி 55-அ தொடர்பான வழக்கில் சொல்லிவிட்டது. ஆகவே வக்கீலிடம் போகாதவருக்கு, தாய்ப்பத்திரத்திலிருந்து வில்லங்கச் சான்று (ஈ.சி.) வரை பார்க்கக்கூடிய ஒரே ஆள் பத்திர எழுத்தர்தான். பதிவுத்துறையின் ஸ்டார் 2.0 மென்பொருள் 2018இல் வந்தது. மாதிரி ஆவணங்கள் பதிவுத்துறைத் தளத்திலேயே இலவசமாகக் கிடைக்கின்றன. மந்திரம் எளிதாகிவிட்டது. கேள்வி கேட்கும் வேலை அப்படியே இருக்கிறது. போன பத்திரத்தை நகலெடுத்து ஊர் பேர் மாற்றும் எழுத்தருக்கோ கணினி பெரிய வசதி. நான்கெல்லை மட்டும் பழைய மனையுடையதாகவே நின்றுவிடும், பிறகு பிழைதிருத்தல் பத்திரத்துக்கும் அவரே கட்டணம் வாங்குவார்.

இந்தத் தொழிலின் பெரிய குறை என்று நான் நினைப்பது தொகை எழுதும் வரி. கைமாறிய பணம் ஒன்று, பத்திரத்தில் வழிகாட்டி மதிப்பையொட்டி எழுதும் தொகை வேறொன்று. முத்திரைத் தீர்வையை மிச்சப்படுத்தும் யோசனை பெரும்பாலும் எழுத்தரின் மேசையில்தான் பிறக்கிறது. மனை கைவிட்டுப் போனால் வாங்கியவர் காட்ட முடிவது பத்திரத்தில் உள்ள தொகையைத்தான். மீதிக்குக் காகிதம் கிடையாது. கேடு அவரோடு நிற்பதில்லை. 2013ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டத்தின் 26ஆம் பிரிவு, சந்தை மதிப்பைக் கணக்கிட வழிகாட்டி மதிப்பையும் அக்கம்பக்கத்தில் பதிவான கிரையங்களின் சராசரியையும் பார்த்து அதிகமானதை எடுக்கச் சொல்கிறது. ஊரே குறைத்து எழுதி வந்திருந்தால் இரண்டும் தாழ்ந்தே இருக்கும். சிப்காட்டுக்கும் பரந்தூர் விமான நிலையத்துக்கும் நிலம் கேட்கப்படும் இந்தப் பகுதியில், யாரோ மிச்சம் பிடித்த தீர்வை, விற்கவே விரும்பாத விவசாயியின் இழப்பீட்டில் கழிகிறது.

இத்தனைக்கும் பொறுப்பு என்ன? 1982ஆம் ஆண்டு உரிம விதிகளின்படி பத்திரத்தின் அடியில் எழுத்தர் தன் பெயரும் உரிம எண்ணும் போடுகிறார். தவறு பெரிதானால் உரிமம் போகலாம். வாங்கியவரின் நஷ்டத்தில் அவருக்குப் பங்கில்லை. உறுதிமொழி முழுவதும் எழுதிக் கொடுப்பவருடையது. 'மேலிடத்துக்கு' என்று எழுத்தர் வாங்கும் தொகை ரசீதிலும் வராது.

நான் பார்த்த ஆவணங்கள் இவை, விசாரித்த வாரிசுகள் இவர்கள் என்று எழுத்தர் கையெழுத்திட்ட ஒரு பக்கம் பத்திரத்தோடு இணைந்தாலே பாதி அலட்சியம் குறையும் என்று தோன்றுகிறது. கட்டணம் ஏறும் என்று ஆட்சேபிப்பார்கள். ஏறட்டும். ஏழு சதவீதத் தீர்வையும் இரண்டு சதவீதப் பதிவுக் கட்டணமும் கட்டுகிற இளைஞர், நிலத்தைப் பற்றி யாரும் எதுவும் விசாரித்துச் சொல்லாமலேயே அதைக் கட்டிவிட்டுப் போகிறார்.